நடைச்சீட்டு உள்ள வண்டியை மடக்கும் அலுவலர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய வட்டாட்சியர்கள், கோட்டாட்சியர்கள், காவல் ஆய்வாளர்கள், புவியியல் மற்றும் சுரங்கத் துறை உதவி இயக்குநர்கள் அனைவருக்கும் வணக்கம்.

'டிப்பர் லாரி பறிமுதல்' என்று நாளிதழில் ஒரு வரி வருகிறது. தாலுகா அலுவலக வளாகத்தில் நிற்கும் வண்டியைப் பார்த்தவர்களும் அதே சொல்லைத்தான் சொல்கிறார்கள். உங்கள் குறிப்பாணைகளிலும் சில நேரம் அதே சொல் வருகிறது. குழப்பம் அங்கேயே தொடங்கிவிடுகிறது. 1957-ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் (மேம்பாடு மற்றும் ஒழுங்குமுறை) சட்டத்தில் இவை இரண்டு தனித்தனிச் செயல்கள். பிரிவு 21(4) சொல்வது கைப்பற்றுதல். அதை, அதற்கென அதிகாரம் அளிக்கப்பட்ட அலுவலர் செய்யலாம். பிரிவு 21(4ஏ) சொல்வது பறிமுதல். அதைக் குற்றத்தை விசாரிக்கும் நீதிமன்றம் மட்டுமே செய்ய முடியும். கைப்பற்றப்பட்ட வண்டியும் சரக்கும் உரிமையாளருடைய சொத்தாகவே இருக்கின்றன. அவற்றைப் பாதுகாக்கும் பொறுப்புதான் உங்களிடம் வந்து சேர்கிறது. இந்த வேறுபாட்டை மறந்து எழுதப்படும் உத்தரவுகளால்தான், உரிய அனுமதியோடு, அதாவது கனிமத்தைக் கொண்டு செல்லத் தரப்படும் நடைச்சீட்டோடு, எம் சாண்டும் ஜல்லியும் ஏற்றி வந்த வண்டிகள் வாரக்கணக்கில் வெயிலில் கிடக்கின்றன.

இந்த மடல் கடத்தல்காரர்களுக்குப் பரிந்து எழுதப்பட்டதல்ல. 2023 ஏப்ரல் 25 அன்று தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில் கிராம நிர்வாக அலுவலர் லூர்து பிரான்சிஸ் தன் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். மணல் கடத்தலைத் தட்டிக்கேட்டதுதான் அவர் செய்தது. இரவில் சாலையில் நின்று வண்டியை மறிக்கும் ஒவ்வொரு அலுவலரும் அந்த ஆபத்தைத் தோளில் சுமந்துதான் நிற்கிறார் என்பதை மதிக்கிறோம். அதனால்தான் இதையும் சொல்கிறோம்: சீட்டோடு வந்த வண்டியை மடக்கச் செலவாகும் ஒவ்வொரு மணி நேரமும், சீட்டில்லாத வண்டி தப்பிப்போகும் நேரம். நீதிமன்றத்தில் நிற்காத ஒரு கைப்பற்றுதல், அடுத்த உண்மையான வழக்கையும் சந்தேகத்துக்கு உள்ளாக்கும்.

பிரிவு 21(4)-இன் சொற்களை ஒருமுறை நிதானமாகப் படியுங்கள். சட்டபூர்வ அதிகாரம் இன்றி ஒருவர் கனிமத்தை எடுத்திருக்க வேண்டும், அல்லது கொண்டு சென்றிருக்க வேண்டும். அந்தக் காரியத்துக்கு அந்த வண்டி பயன்பட்டிருக்க வேண்டும். கைப்பற்றுபவர் அதற்கெனத் தனியாக அதிகாரம் பெற்றவராக இருக்க வேண்டும். இந்த மூன்றில் ஒன்று விட்டுப்போனாலும் கைப்பற்றுதல் நிற்காது. ஆனால் நடைமுறையில் எழுதப்படும் மகஜர்களில், அதாவது கைப்பற்றும் இடத்திலேயே எழுதும் பதிவுகளில், 'வாகனத்தைச் சோதனை செய்ததில் முறைகேடு கண்டறியப்பட்டு' என்ற ஒரே வரி எல்லாவற்றுக்கும் போதும் என்று விடப்படுகிறது. என்ன முறைகேடு? சீட்டே இல்லையா? சீட்டு போலியா? சீட்டில் உள்ள வண்டி எண் வேறா? நேரம் கடந்துவிட்டதா? அளவு கூடுதலா? இந்த ஐந்தும் ஐந்து வெவ்வேறு விஷயங்கள். முதல் இரண்டில் கைப்பற்றுவது சரியே. மற்ற மூன்றும் முதலில் சரிபார்க்க வேண்டியவை. சரிபார்த்த பிறகுதான் அடுத்த நடவடிக்கை.

அளவிலிருந்து தொடங்குவோம். தவறு அதிகம் நடக்கும் இடம் இதுதான். அதைச் செய்பவருக்கே தவறு என்று தெரியாமல் நடப்பதும் இங்கேதான்.

10 சக்கர டிப்பர் ஒன்று 17 டன்னுக்கான நடைச்சீட்டோடு எம் சாண்ட் ஏற்றி வருகிறது என்று வைத்துக்கொள்வோம். சாலையோரத்தில் டேப்பைப் பிடித்து அளக்கிறார்கள். நீளம் 16 அடி, அகலம் 7.5 அடி, சரக்கு நிற்கும் உயரம் 3 அடி 3 அங்குலம். பெருக்கினால் 390 கன அடி, அதாவது 3.9 யூனிட் (ஒரு யூனிட் 100 கன அடி), சுமார் 11 கன மீட்டர். யாரோ ஒருவர் 'ஒரு கன மீட்டருக்கு 1.75 டன்' என்ற கணக்கைப் போடுகிறார். 19.3 டன் வருகிறது. 2.3 டன் கூடுதல் என்று மகஜரில் ஏறிவிடுகிறது. அதே வண்டியை எடை மேடையில் ஏற்றினால் சரக்கு 16.6 டன்தான் இருக்கக்கூடும். சீட்டைவிடக் குறைவு!

காரணம் மணலின் இயல்பு. சற்றே ஈரமான நுண்மணல் உப்பும். ஒவ்வொரு துகளையும் சுற்றி நீர்ப்படலம் படிந்து துகள்களை விலக்கி வைக்கும். கட்டடப் பொறியாளர்கள் இதைப் பல்க்கிங் என்பார்கள். 4 முதல் 6 சதவீத ஈரத்தில் கன அளவு நான்கில் ஒரு பங்குகூடக் கூடும். கழுவிய எம் சாண்ட் கிரஷரிலிருந்து புறப்படும்போது பெரும்பாலும் இந்த ஈரத்தில்தான் இருக்கும். நம்பிக்கை வராவிட்டால் அளவு கோடிட்ட 250 மில்லி கண்ணாடிக் குடுவை ஒன்றை எடுத்து, வண்டியிலிருந்து ஈர மணலை அள்ளி, அழுத்தாமல் 200 மில்லி கோடு வரை நிரப்புங்கள். மேலே தண்ணீர் ஊற்றி நன்றாகக் கலக்கிவிட்டு அடங்க விடுங்கள். மணல் மட்டம் 160-க்கு இறங்கி நின்றால், அந்த மணல் 25 சதவீதம் உப்பியிருந்தது என்று பொருள். இறங்கிய அந்த 40 மில்லி அங்கே இல்லாத மணல். இல்லாத மணலுக்குத்தான் டேப் கணக்கில் வழக்குப் போடப்படுகிறது. தமிழ்நாட்டில் கட்டண அடிப்படை கன மீட்டரிலிருந்து மெட்ரிக் டன்னுக்கு மாறிய பிறகு இந்தச் சிக்கல் இன்னும் கூடியிருக்கிறது. சீட்டு டன்னில், டேப் அடியில், பேச்சு யூனிட்டில்.

எடையிலும் கவனிக்க வேண்டியது உண்டு. 8 சதவீத ஈரமுள்ள 15 டன் சரக்கில் 1 டன்னுக்கும் மேல் தண்ணீர். அது வழியெல்லாம் கதவிடுக்கில் சொட்டிக்கொண்டே வரும். புறப்படும்போது ஒரு எடை, 4 மணி நேரம் கழித்து வேறு எடை. நல்ல மழையில் தார்ப்பாய் சரியாகப் போடாத ஜல்லி லோடுகூட எடை கூடும். எனவே, கூடுதல் அளவு என்று எழுதும் முன் ஆண்டு முத்திரை உயிரோடு உள்ள எடை மேடையில், டிரைவர் முன்னிலையில், காலி எடையும் சேர்த்துப் பதிவு செய்த ரசீது வேண்டும். காலி எடையை ஆர்.சி. புத்தகத்திலிருந்து எடுத்துக்கொள்வது போதாது. தொட்டி உயர்த்திக் கட்டிய வண்டியின் காலி எடை புத்தகத்தில் உள்ளதோடு ஒத்துப்போகாது.

வண்டி தாங்கும் எடையை மீறியது தெரியவந்தால், அதற்கென்று வேறு சட்டம் இருக்கிறது. மோட்டார் வாகனச் சட்டம் பிரிவு 194(1) படி 20,000 ரூபாய் அபராதம், கூடுதல் ஒவ்வொரு டன்னுக்கும் 2,000 ரூபாய், கூடுதல் சரக்கை இறக்கும் செலவு. அதே சட்டத்தின் பிரிவு 114 வண்டியை எடை மேடைக்குக் கொண்டுபோகச் சொல்லும் அதிகாரத்தையும் தருகிறது. அதிக எடை ஏற்றியது அந்தச் சட்டப்படி குற்றம், அதை யாரும் மறுக்கவில்லை. ஆனால் அனுமதி பெற்ற கல்குவாரியிலிருந்து, அனுமதிச் சீட்டோடு, கட்டணம் செலுத்தி வந்த சரக்கு, அதிக எடை ஒன்றினாலேயே திருட்டுச் சரக்கு ஆகிவிடாது. சீட்டில் உள்ளதைவிட உண்மையிலேயே கனிமம் கூடுதல் என்றால், கேள்வி அந்தக் கூடுதல் பங்கைப் பற்றியது. முழு லோடையும் 'அனுமதியற்றது' என்று எழுதுவது சீட்டே இல்லை என்று எழுதுவதற்குச் சமம்.

நேரம் கடந்த சீட்டு அடுத்தது. ஒரே சீட்டை வைத்து மூன்று நடை ஓட்டுபவர்கள் இருக்கிறார்கள் என்பதால் உங்களுக்கு இதில் சந்தேகம் வருவது நியாயமே. ஆனால் அந்தச் சந்தேகத்தைத் தீர்க்கும் ஆதாரங்கள் அரை மணி நேரத்தில் கிடைப்பவை. குவாரி எடை மேடையின் நேரம், சுங்கச் சாவடியில் ஃபாஸ்டேக் பதிவான நேரம், ஜி.பி.எஸ். தடம், வழியில் பஞ்சர் போட்ட கடையின் ரசீது. இவற்றைச் சேர்த்துப் பார்த்தால் இது முதல் நடையா மூன்றாவதா என்பது தெரிந்துவிடும். வண்டி எண்ணில் ஓர் இலக்கம் மாறியிருப்பதும் இப்படித்தான். அனுமதிகள் இப்போது சுரங்கத் துறையின் மைமாஸ் தளத்தின் வழியே இணையத்தில் வழங்கப்படுகின்றன. சீட்டு எண்ணைச் சொல்லி, வழங்கிய மாவட்டத்தின் உதவி இயக்குநர் அலுவலகத்தில் கேட்டால் அது உண்மையா என்பது தெரியும். கேட்காமலே மகஜர் எழுதும் பழக்கத்தைத்தான் மாற்றச் சொல்கிறோம்.

ஜி.எஸ்.டி. அலுவலர்களின் நடைமுறையை இங்கே ஒப்பிடலாம். இ-வே பில்லில் வண்டி எண்ணில் ஓரிரு எழுத்துப் பிழை போன்ற சிறு தவறுகளுக்குச் சரக்கை நிறுத்தி வைக்க வேண்டாம், மொத்தம் 1,000 ரூபாய் அபராதத்தோடு விடுங்கள் என்று 2018 செப்டம்பரிலேயே சுற்றறிக்கை வந்துவிட்டது. நிறுத்தி வைத்தால் 7 நாளில் அறிவிப்பு, அதிலிருந்து 7 நாளில் உத்தரவு என்று சட்டத்திலேயே கெடு இருக்கிறது. கனிம வண்டிக்கும் அப்படியொரு கெடு வேண்டாமா?

இந்த மடலை வண்டி உரிமையாளர்களும் டிரைவர்களும் வீடு கட்டுபவர்களும் படிப்பார்கள். எனவே வண்டி மடக்கப்பட்ட பிறகு சட்டம் அவர்களுக்குத் தரும் வழிகளை உங்கள் முன்னாலேயே சொல்கிறோம். மறைக்க ஒன்றுமில்லை. அவர்கள் என்ன செய்வார்கள் என்று தெரிந்தால் நீங்களும் கோப்பைச் சரியாக வைப்பீர்கள்.

முதல் ஒரு மணி நேரம்தான் முழு வழக்கையும் தீர்மானிக்கிறது. டிரைவர் வண்டியை, நம்பர் பிளேட்டை, சரக்கின் மேல்மட்டத்தை, சீட்டை, இடத்தை நேரத்தோடு படம் எடுத்துக்கொள்ள வேண்டும். சீட்டின் அசலைக் கொடுக்க வேண்டியிருந்தால் முதலில் இருபுறமும் படம் எடுத்துவிட்டு, 'அசல் பெறப்பட்டது' என்று எழுதி வாங்க வேண்டும். அசல் சீட்டைக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு வந்தவர்தான் பிறகு 'சீட்டு காட்டவில்லை' என்ற வரியோடு நீதிமன்றத்தில் போராடுகிறார். வெற்றுத்தாளிலோ நிரப்பாத படிவத்திலோ கையெழுத்துப் போடக்கூடாது. மகஜரில் கையெழுத்துக் கேட்டால் 'செல்லத்தக்க நடைச்சீட்டு காட்டப்பட்டது, எண் இன்னது' என்று தன் கையாலேயே எழுதிவிட்டுப் போடலாம். அந்த ஒரு வரிக்கு விலையே இல்லை. பேட்டரி, டயர்களின் வரிசை எண், ஸ்டெப்னி, ஜாக்கி, தார்ப்பாய், டீசல் அளவு ஆகியவற்றையும் பட்டியலில் சேர்க்கச் சொல்ல வேண்டும்.

மறுநாளே எழுத்து மூலம் மனு போக வேண்டும். மடக்கிய அலுவலருக்கு, கோட்டாட்சியருக்கு, மாவட்ட ஆட்சியருக்கு, அந்த மாவட்ட உதவி இயக்குநருக்கு, அதோடு சீட்டு வழங்கிய மாவட்டத்தின் உதவி இயக்குநருக்கும். கடைசியாகச் சொன்னவரைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். சீட்டு உண்மைதான் என்று அவர் அலுவலகம் தரும் ஒரு கடிதம், வக்கீல் எழுதும் 20 பக்கத்தைவிட வலுவானது. மனுவை நேரில் கொடுத்து ஒப்புகை முத்திரை வாங்க வேண்டும், விரைவு அஞ்சலிலும் அனுப்ப வேண்டும். சீட்டு நகல், குவாரி ரசீது, வரிப் பட்டியல், எடை ரசீது, ஆர்.சி., காப்பீடு எல்லாம் இணைப்பில் வரிசை எண்ணோடு இருக்க வேண்டும். கைப்பற்றிய அதிகாரம் எந்த அரசாணைப்படி என்ற கேள்வியையும் அதே மனுவில் கேட்டுவிடலாம்.

அடுத்து எங்கே போவது என்பது, உங்கள் பக்கம் என்ன எழுதப்பட்டது என்பதைப் பொறுத்தது.

காவல் நிலையத்தில் முதல் தகவல் அறிக்கை பதிவாகியிருந்தால், அதில் என்ன பிரிவுகள் என்பதை முதலில் பார்க்க வேண்டும். வழக்கமாக பாரதிய நியாய சன்ஹிதா (இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதில் வந்தது) 303(2), அதாவது திருட்டு, அதோடு கனிமச் சட்டம் 21(1) சேர்ந்து வரும். டில்லி அரசு எதிர் சஞ்சய் வழக்கில் 2014-இல் உச்ச நீதிமன்றம் இவை இரண்டும் தனித்தனிக் குற்றங்கள் என்று சொல்லிவிட்டது. எனவே காவல் துறை திருட்டு வழக்கு பதியலாம். ஆனால் கனிமச் சட்டக் குற்றத்தை நீதிமன்றம் விசாரணைக்கு எடுக்க, பிரிவு 22 படி அதிகாரம் பெற்ற அலுவலரின் எழுத்துப்பூர்வப் புகார் கட்டாயம். திருட்டு என்பதற்கு, உடையவர் சம்மதமில்லாமல் எடுத்தது என்பது அடிப்படை. கட்டணம் வாங்கிக்கொண்டு அரசே அனுமதித்த சரக்கில் அந்த அடிப்படை எங்கே இருக்கிறது?

காவல் துறை ஒரு பொருளைக் கைப்பற்றினால் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 106 படி உடனே குற்றவியல் நடுவருக்குத் தெரிவிக்க வேண்டும். நீதிமன்றத்துக்குக் கொண்டுபோக முடியாத பொருளாக இருந்தால், கேட்கும்போது ஆஜர்படுத்துவதாகப் பிணைமுறி எழுதி வாங்கிக்கொண்டு ஒப்படைக்கும் அதிகாரமும் அதே பிரிவில் உங்களுக்கே இருக்கிறது. 17 டன் ஈர மணலோடு நிற்கும் டிப்பரைவிட நீதிமன்றத்துக்குக் கொண்டுபோக முடியாத பொருள் வேறெது? இந்த அதிகாரம் ஏட்டிலேயே தூங்குகிறது. பிரிவு 105 கைப்பற்றுதலைக் காணொளியாகப் பதிவுசெய்து அனுப்பச் சொல்கிறது. அந்தப் பதிவு இல்லாத கோப்பில் வக்கீலின் முதல் கேள்வி அதுவாகத்தான் இருக்கும்.

வண்டியைத் திரும்பப் பெறும் மனு, அதே சன்ஹிதாவின் பிரிவு 497, 503-இன் கீழ். பழைய நடைமுறைச் சட்டத்தில் 451, 457 என்று எல்லோருக்கும் பழக்கமானவைதான் இவை. பிரிவு 497-இல் இப்போது காலக்கெடு வந்திருக்கிறது. பொருள் ஆஜரானதிலிருந்து 14 நாளுக்குள் நீதிமன்றம் விவரப் பட்டியல் தயாரிக்க வேண்டும், படமோ காணொளியோ எடுக்க வேண்டும், பட்டியல் தயாரான 30 நாளுக்குள் அதை ஒப்படைக்கவோ வேறு வகையில் தீர்க்கவோ உத்தரவிட வேண்டும். கைப்பற்றிய வண்டிகளைக் காவல் நிலையங்களில் நீண்ட காலம் போட்டு வைப்பதில் பயனில்லை என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002-இலேயே சொன்னதற்கு, சட்டத்தில் இப்போதுதான் நாள் கணக்கு கிடைத்திருக்கிறது.

உரிமையாளர்கள் இங்கே இரண்டு தவறு செய்கிறார்கள். கனிமச் சட்ட வழக்குக்குச் சிறப்பு நீதிமன்றம் இருக்கையில் நடுவர் நீதிமன்றத்தில் மனுப் போட்டு, 'எனக்கு அதிகார வரம்பில்லை' என்று திருப்பி வாங்கிக்கொண்டு இரண்டு வாரத்தை இழக்கிறார்கள். இன்னொன்று, மனுவின் உள்ளடக்கம். மணல் கடத்தல் வண்டிகளை இடைக்காலத்தில் விடுவிப்பதில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2018-இல் கடுமையான நிலை எடுத்தது. அதற்குப் பிறகும் பலர், கடத்தல் வழக்குக்கு எழுதும் அதே மனுவை, 'வண்டிதான் வாழ்வாதாரம், தவணை கட்ட முடியவில்லை' என்று எழுதுகிறார்கள். சீட்டுள்ள வண்டிக்கு முதல் பத்தியே சீட்டு எண்ணாகவும், புறப்பட்ட நேரமாகவும், வழங்கிய அலுவலகத்தின் உறுதிக் கடிதமாகவும் இருக்க வேண்டும். அப்போதுதான் நீதிபதியின் கண்ணில் அது வேறு வகை வழக்காகத் தெரியும். வண்டியை மட்டும் கேட்டுச் சரக்கை விட்டுவிடுவதும் நடக்கிறது. சரக்குக்கும் சேர்த்தே கேட்க வேண்டும். அந்த ஜல்லிக்காக எங்கோ ஒரு வீட்டில் கான்கிரீட் போட ஆள் சொல்லிவிட்டுக் காத்திருக்கிறார்கள்.

வழக்கும் பதியாமல், புகாரும் கொடுக்காமல், 'ஆர்.டி.ஓ. (கோட்டாட்சியர்) உத்தரவு வரட்டும்' என்று வண்டி தாலுகா அலுவலகத்தில் நிற்பது இன்னொரு வகை. எங்கள் அனுபவத்தில் மிக மோசமானது இதுதான். நீதிமன்றத்துக்கும் போகாத, விடுவிக்கவும் செய்யாத இந்த நிலைக்குச் சட்டத்தில் பெயரே இல்லை. அரசமைப்புச் சட்டம் பிரிவு 300ஏ, சட்டத்தின் அதிகாரமின்றி ஒருவரின் சொத்தைப் பறிக்கக்கூடாது என்கிறது. இதற்குப் பரிகாரம் பிரிவு 226-இன் கீழ் ரிட் மனு. பெரும்பாலும் உயர் நீதிமன்றம் 'மனுவைப் பரிசீலித்து இத்தனை நாளுக்குள் உத்தரவிடுக' என்று சொல்லி முடித்துவிடும். அதனால்தான் முதல் நாள் கொடுத்த மனு அவ்வளவு முக்கியம். கோரிக்கையை 'பரிசீலிக்க' என்று மட்டும் எழுதாமல், கைப்பற்றிய செயலை ரத்து செய்து வண்டியையும் சரக்கையும் ஒப்படைக்க என்றே கேட்க வேண்டும். முதல் தகவல் அறிக்கையையே ரத்து செய்யக் கோருவதென்றால் நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் பிரிவு 528, பழைய 482.

இப்போது, நீங்களும் உரிமையாளர்களும் சேர்ந்தே விழும் குழியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பிரிவு 23ஏ சமரசத் தொகை கட்டிக் குற்றத்தை முடித்துக்கொள்ள வழி தருகிறது. தவறு செய்தவருக்கு அது நல்ல வழி. சீட்டோடு வந்தவரிடம் 'பணத்தைக் கட்டிவிட்டு வண்டியை எடுத்துக்கொண்டு போ' என்பது, செய்யாத குற்றத்தை ஒப்புக்கொள்ளச் சொல்வது. தவணைக் கெடு நெருங்குகையில் பலர் கட்டிவிடுகிறார்கள். கட்டிய பிறகு இழப்பீடு கேட்பது ஏறக்குறைய முடிந்த கதை. அதோடு ஜெயந்த் எதிர் மத்தியப் பிரதேசம் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2020-இல் சொன்னபடி, சமரசம் கனிமச் சட்டக் குற்றத்தை மட்டுமே முடிக்கும், திருட்டு வழக்கு அப்படியே நிற்கும். பணமும் போய், வழக்கும் மிஞ்சும். எதிர்ப்புடன் கட்டுவதாக எழுதிக் கொடுப்பது நல்லதுதான், ஆனால் அந்தக் குறிப்பே உரிமையைக் காப்பாற்றிவிடும் என்று யாரும் நம்பியிருக்க வேண்டாம்.

ரசீதில்லாத பணம் கேட்கப்பட்டால் வழி வேறு. ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தப்படி, கட்டாயத்தால் கொடுத்தவர் 7 நாளுக்குள் புகார் செய்தால் அவர் குற்றவாளி ஆகமாட்டார். எட்டாம் நாள் போனால் கொடுத்தவரும் சிக்குவார். கொடுக்கும் முன்பே ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்புத் துறைக்குப் போவதுதான் பாதுகாப்பு.

இனி, நீங்கள் பெரும்பாலும் நினைத்துப் பார்க்காத ஒன்று. வளாகத்தில் நிற்கும் வண்டிக்கு என்ன ஆகிறது? இரண்டு மாதத்தில் பேட்டரி உயிரை விடும். முழு லோடோடு ஒரே இடத்தில் நிற்கும் டயர்கள் தரையில் பட்ட பக்கம் தட்டையாகும், பக்கச்சுவர் வெடிப்பு விடும். ஈர மணலுக்கு அடியில் தொட்டித் தகடு துருவேறும். மழையில் எம் சாண்டின் நுண்துகள் கழுவிப்போய்ச் சரக்கின் தரமே மாறிவிடும். இதற்கெல்லாம் யார் பொறுப்பு? குஜராத் அரசு எதிர் மேமன் முகமது ஹாஜி ஹசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1967-இலேயே விடை சொல்லிவிட்டது. ஜூனாகத் சுங்க அலுவலர்கள் கைப்பற்றிய இரண்டு லாரிகளும் ஒரு ஸ்டேஷன் வேகனும், மேல்முறையீடு முடியும் முன்பே உரிமை கோரப்படாத பொருள் என்று தீர்க்கப்பட்டுவிட்டன. கைப்பற்றிய பொருளை வைத்திருக்கும் அரசு, அடைக்கலமாகப் பெற்றவரின் நிலையில் இருக்கிறது, திருப்பித் தர முடியாவிட்டால் மதிப்பைத் தர வேண்டும் என்றது நீதிமன்றம். 1994-இல் நாகேந்திர ராவ் எதிர் ஆந்திரப் பிரதேசம் வழக்கு இன்னும் நெருக்கமானது. உரிமம் பெற்ற வியாபாரியிடம் கைப்பற்றிய உரமும் தானியமும் அரசின் பொறுப்பில் கெட்டுப்போயின. இறையாண்மைச் செயல் என்ற கவசம் அரசைக் காப்பாற்றவில்லை.

கனிமச் சட்டம் பிரிவு 27 நல்லெண்ணத்தில் செய்த செயலுக்குப் பாதுகாப்பு தருகிறது. அது எதுவரை என்பதைத் தெரிந்துகொள்ளுங்கள். பொது உட்பிரிவுகள் சட்டத்தின்படி நேர்மையாகச் செய்தால் கவனக்குறைவு இருந்தாலும் அது நல்லெண்ணமே. பாரதிய நியாய சன்ஹிதாவிலோ உரிய கவனம் இல்லாமல் செய்தது நல்லெண்ணம் ஆகாது. எனவே நேர்மையாகத் தவறிய அலுவலரிடம் தனிப்பட்ட முறையில் பணம் வாங்குவது கடினம். ஆனால் காட்டிய சீட்டை மறைத்து 'சீட்டு இல்லை' என்று தெரிந்தே மகஜர் எழுதியவரை அந்தப் பாதுகாப்பு தொடாது. தவறான ஆவணம் உருவாக்கும் பொது ஊழியருக்கென்றே நியாய சன்ஹிதாவில் பிரிவு 201 இருக்கிறது.

இழப்பீடு கேட்டு உரிமையியல் நீதிமன்றம் போகும் உரிமையாளர்கள் கவனிக்க வேண்டியது காலக்கெடு. அரசுக்கு எதிராக வழக்கிட, உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80 படி இரண்டு மாத முன்னறிவிப்பு தேவை. காலவரையறைச் சட்டத்தில் தவறாகப் பிடித்து வைத்த பொருளுக்கு மூன்றாண்டு தரும் இனம் ஒன்று உண்டு, சட்டத்தின் பேரில் செய்த செயலுக்கு ஓராண்டே தரும் இனமும் உண்டு. அரசு வக்கீல் ஓராண்டைத்தான் பிடிப்பார். எனவே கைப்பற்றிய நாளிலிருந்து ஓராண்டு என்றே கணக்கு வைத்துக்கொண்டு ஆறாம் மாதத்துக்குள் முன்னறிவிப்பு அனுப்பிவிட வேண்டும். இழப்பைக் கணக்கிடும்போது நாள் வாடகை முழுவதையும் எழுதக்கூடாது. டீசல், டிரைவர் பேட்டா, சுங்கம் கழித்த நிகர வருமானம், முந்தைய மூன்று மாத நடைப் பதிவேட்டோடு சேர்த்துக் காட்டினால்தான் கணக்கு நிற்கும். படம், எடை ரசீது, ஃபாஸ்டேக் பதிவு போன்ற மின்னணு ஆதாரங்களுக்கு பாரதிய சாக்ஷிய அதிநியமம் (புதிய சாட்சியச் சட்டம்) பிரிவு 63-இன் சான்றிதழ் இணைக்க வேண்டும். அது இல்லாமல் எத்தனை படம் கொடுத்தாலும் கேள்விக்குள்ளாகும்.

உங்களிடம் நாங்கள் கேட்பது சட்டத் திருத்தம் எதுவும் இல்லை. நாளையே செய்யக்கூடியவை. மகஜர் படிவத்தில் நான்கு வரி கூடுதலாகச் சேருங்கள். 'நடைச்சீட்டு காட்டப்பட்டதா, எண் என்ன? வழங்கிய அலுவலகத்தில் எத்தனை மணிக்கு, யாரிடம் சரிபார்க்கப்பட்டது? எந்த எடை மேடை, ரசீது எண் என்ன? கைப்பற்றுபவரின் அதிகாரம் எந்த அரசாணைப்படி?' இந்த நான்குக்கும் விடை எழுதிய பிறகே வண்டியின் சாவியை வாங்குங்கள். மகஜரின் நகலை அங்கேயே டிரைவர் கையில் கொடுங்கள். சீட்டு உண்மை என்று உறுதியானால் அதே இடத்திலேயே வண்டியை விடுங்கள். அதற்கு மேலதிகாரியின் உத்தரவு வேண்டியதில்லை, ஏனென்றால் அப்போது கைப்பற்ற உங்களுக்கு அதிகாரமே இல்லை. மாவட்ட உதவி இயக்குநர்கள் இரவு 8 மணிக்கு மேலும் சீட்டைச் சரிபார்த்துச் சொல்ல ஒரு தொலைபேசி எண்ணை அறிவியுங்கள். வண்டிகள் பெரும்பாலும் மடக்கப்படுவது இரவில், சரிபார்க்கும் அலுவலகம் திறப்பது காலை 10 மணிக்கு. இடைப்பட்ட அந்த நேரத்தில்தான் ஒரு சந்தேகம் மகஜராக மாறிவிடுகிறது.

இப்படிக்கு,
கல், ஜல்லி, எம் சாண்ட் வண்டி வழக்குகளை நடத்துவோரும் எடை, அளவுக் கணக்கு பார்ப்போரும்